பழுத்ததும் போறேன்

வானிலை சொல்கிறவன் வாய்க்குப் பூட்டா போட முடியும்? சனிக்கிழமை சாயங்காலம் ரேடியோவில் அடித்துச் சொன்னான். இருட்டுவதற்குள் ஆலங்கட்டி மழை, கோழிமுட்டை பருமனுக்குக் கல் விழும், ஜன்னல்களைச் சாத்துங்கள், வண்டிகளை மூடி வையுங்கள் என்று. ஊரில் மற்றவர்கள் ஜன்னலைச் சாத்தினார்கள், வண்டியை மூடினார்கள். பம்பரம் மட்டும் இரண்டு பிளாஸ்டிக் கூடைகளைத் தூக்கிக்கொண்டு கொல்லைப்பக்கம் ஓடினாள்.

பெற்றவர்கள் அவளுக்கு வைத்த பெயர் வேறு. கல்யாணமான புதிதில், வீட்டுக்குள் அவள் சுற்றிச் சுற்றி வந்ததைப் பார்த்துப் புருஷன் வைத்த பெயர்தான் பம்பரம். தெரு அதை எடுத்துக்கொண்டது, பிறகு ரொட்டித் தொழிற்சாலையும் எடுத்துக்கொண்டது. அங்கே அவளுக்குப் பொட்டலம் போடுகிற பிரிவில் வேலை. எங்கேயோ பிசைந்து எங்கேயோ வெந்த ரொட்டி பெல்ட்டில் வரும், இவள் அள்ளி உறைக்குள் போடுவாள். வேகிறவரை காத்திருக்கிற வேலை அவளுக்கு ஒருநாளும் வாய்த்ததில்லை. வாய்த்திருந்தால் அடுப்பையே இரண்டாக உடைத்திருப்பாள்.

கொல்லையில் தக்காளிச் செடிகள் ஆள் இடுப்பு உயரத்துக்கு, குச்சிகளில் கட்டி, வரிசையாக நின்றன. கொத்துக்கொத்தாகக் காய். அத்தனையும் பச்சை. மேற்கே வானம் ஈயம் பூசினது போல இருந்தது. காற்று வேறு செடிகளைப் பிடித்து உலுக்கியது. இத்தனை மாதம் காத்ததெல்லாம் ஒரு நிமிஷத்துக் கல்மழையில் கூழாகிப் போவதா? பறித்தாள். பெரியதும் பறித்தாள், சிறியதும் பறித்தாள், சுண்டைக்காய் அளவு பிஞ்சைக்கூட விடவில்லை. சில கொத்துகளில் காய் இல்லாமல் காம்பு மட்டும் மொட்டையாக நின்றது. "அணில் நாசமாப் போக" என்று ஒரு வசவு வைத்துவிட்டு அடுத்த செடிக்குப் போனாள்.

கூடைகளை அடுக்களைக்குள் கொண்டுவந்து வைத்துவிட்டு மூச்சு வாங்க ஜன்னலில் நின்று பார்த்தாள். வானம் ஊரைக் கூட்டிச் சத்தம் போட்டது, இரண்டு தடவை உறுமியது. கடைசியில் நாலு தூறல் போட்டது. அவ்வளவுதான். மேகம் கலைந்து, போகிற வெயில் ஈரமான மொட்டைச் செடிகள்மேல் அழகாக விழுந்தது.

அப்போதுதான் தான் செய்த காரியம் பம்பரத்துக்கு உறைத்தது.

அது வெறும் தக்காளி என்றால் விட்டுத்தள்ளலாம். அந்தத் தக்காளியில்தான் அவள் புருஷனின் உத்தியோகமே தொங்கிக்கொண்டிருந்தது. அவர் ரயில் டிரைவர். தலை நரைக்கிற வரைக்கும் வண்டி ஓட்டினவர். போன மழைக்காலத்தில் ஒரு வளைவில், குடை பிடித்துக்கொண்டு தண்டவாளத்தைக் கடந்த ஒரு மனிதர் அவர் வண்டியின் முன்னால் வந்துவிட்டார். விசாரணை நடந்தது. டிரைவர்மேல் ஒரு குற்றமும் இல்லை, சரியான நேரத்தில் பிரேக் போட்டிருக்கிறார் என்று சொல்லிவிட்டார்கள். கொஞ்ச நாள் ஓய்வெடுத்துக்கொண்டு வாருங்கள் என்றும் சொன்னார்கள். அந்தக் கொஞ்ச நாள் மாதக்கணக்காக நீண்டது. மனிதர் பேச்சைக் குறைத்துக்கொண்டார். நாற்காலியில் சும்மா உட்கார்ந்திருந்தாலும் வலது கால் தரையை அழுத்திக்கொண்டே இருக்கும். வண்டி ஓட்டும்போது மிதிக்கிற மிதி தரைக்குள் இருப்பதுபோல அழுத்துவார். ராத்திரியில்கூடக் கட்டிலின் கால்மாட்டில் அந்தக் கால் உதைத்துக்கொண்டிருக்கும்.

பம்பரமும் கேட்டுக்கேட்டுப் பார்த்தாள். எப்பப் போறீங்க, எப்பப் போறீங்க. ஒருநாள் கொல்லையில் மண்ணைக் கொத்தி நாற்று நட்டுக்கொண்டிருந்தவர், தலையைத் தூக்காமலே சொன்னார்: "இது பழுக்கட்டும். பழுத்ததும் போறேன்."

அவளுக்கு அது போதும். சத்தியம் பண்ணிக் கொடுத்ததுபோல எடுத்துக்கொண்டாள். டிப்போவில் பட்டறை வேலை பார்க்கிற தம்பியிடம் சொன்னாள். தம்பி டிப்போ முழுக்கச் சொன்னான். அங்கே மேலதிகாரி முதல் வண்டி கழுவுகிறவன் வரை "என்னப்பா, தக்காளி பழுத்துச்சா?" என்று கேட்க ஆரம்பித்துவிட்டார்கள். ஆனால் தக்காளி பழுத்தால்தானே! பூத்தது, காய்த்தது, பருத்தது. பழுக்க மட்டும் இல்லை. அவள் முட்டை ஓட்டை நசுக்கிப் போட்டாள், டீத்தூளைக் கொட்டினாள், விதை விற்றவன் கடைக்கே போய்ச் சண்டை போட்டுவிட்டு வந்தாள். வேலை விட்டு வந்ததும் செருப்பைக்கூடக் கழற்றாமல் போய்ப் பார்ப்பாள். பச்சை. எப்போதும் பச்சை.

இப்போது அதையும் மொத்தமாகப் பறித்து முடித்தாயிற்று. இனிமேல் இந்தக் கல்லுக்காயில் எது பழுக்கப் போகிறது, எதை வைத்து இவர் போகப் போகிறார்?

வாய்க்கால் கரையில் நடந்துவிட்டு டிரைவர் திரும்பி வந்தபோது அவள் கூடைகளுக்கு நடுவில் நின்றிருந்தாள்.

"என்ன இது?"

"ஆலங்கட்டி விழும்னு சொன்னாங்க. கோழிமுட்டை சைஸுக்காம். அதான்..."

அவர் ஜன்னல் வழியாக வானத்தைப் பார்த்தார். துடைத்துவிட்டதுபோல இருந்தது.

"எல்லாத்தையுமா பறிச்சுட்டே?"

"எல்லாத்தையும்" என்றாள்.

அவர் குனிந்து ஒரு காயை எடுத்து உள்ளங்கையில் உருட்டிப் பார்த்தார். திரும்பக் கூடையில் வைத்தார். கை கால் கழுவிக்கொண்டு வந்து சாப்பிட உட்கார்ந்தார். ஒரு வார்த்தை திட்டவில்லை. சாப்பிட்டதற்குமேல் இன்னும் கொஞ்சம் போடச் சொன்னார். படுத்தார், படுத்ததும் குறட்டை விட்டார். கால் அசையவே இல்லை.

பம்பரத்துக்குத்தான் தூக்கம் போயிற்று. நாலு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை என்று விடிய விடியப் புரண்டாள். மனுஷன் மனசு விட்டுப் போச்சு, இனிமே எதுவும் வேணாம்னு முடிவு பண்ணிட்டார் போல என்று பயந்தாள். காலையில் அவர் டீ போட்டு அவளுக்குக் கொண்டுவந்து நீட்டினாரே, அதைப் பார்த்ததும் பயம் இன்னும் அதிகமாயிற்று. கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் கேட்காமல் டீ போட்டுக் கொடுத்ததே கிடையாது.

ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டுக்குத் தம்பி வந்தான். அவனை எல்லோரும் ஸ்பேனர் என்றுதான் சொல்வார்கள். இடுப்பில் ஒன்று இல்லாமல் அவனைப் பார்க்க முடியாது, லீவு நாளிலும்கூட. நேராகக் கொல்லைக்குப் போனவன் அங்கேயே நின்றுவிட்டான்.

"என்னக்கா, செடிக்கெல்லாம் மொட்டை போட்டுட்டே?"

"மெதுவாப் பேசுடா. மாமா காதுல விழப்போகுது."

"பறிச்சது நீயா?"

"நான்தான். என் கை சும்மா இருக்குதா? ஆக்கப் பொறுத்தவளுக்கு ஆறப் பொறுக்கலைன்னு சொல்லுவாங்களே, எனக்கு ஆக்கவே பொறுக்கலைடா." முந்தானையால் மூக்கைத் துடைத்தாள். "இத்தனை மாசம் இருந்தேன். இன்னும் ஒரு வாரம் இருந்திருந்தா ஒண்ணாவது சிவந்திருக்கும்."

ஸ்பேனர் செடியை விட்டு அவள் பக்கம் திரும்பினான். அவன் முகமும் சரியில்லை.

"அக்கா, நான் அதைச் சொல்லத்தான் வந்தேன். இனிமே ஒரு வாரமெல்லாம் கிடையாது. நாளைக்குக் காலையில மாமா வந்தாகணும்னு டிப்போப் பெரியவர் சொல்லிட்டார். முதல்ல பக்கத்துல ஒரு டிரைவர் உக்காந்துப்பார், மாமா ஓட்டணும். அப்படி வரலைன்னா அந்த வழித்தடத்தை வேற ஆளுக்குக் கொடுத்துடுவாங்க. தக்காளிக் கதையெல்லாம் போதும்னுட்டார்."

"நீ என்ன சொன்னே?"

"நான் என்ன சொல்றது? நீதானே எப்பவும் சொல்லுவே, இதோ வர்றார், அதோ வர்றார்னு. நான் தலையாட்டிட்டு வந்தேன்."

உள்ளே போய்ப் புருஷனிடம் எப்படி ஆரம்பிப்பது என்று அவளுக்குத் தெரியவில்லை. குட்டி போட்ட பூனை மாதிரி அடுக்களைக்கும் கூடத்துக்கும் நடந்தாள். கை பரபரத்தது. கடைசியில் கூடைகளைப் பார்த்துச் சத்தமாக, யாரிடமும் இல்லாமல், "இதை வீணாக்கக் கூடாது. ஓவன்ல அடுக்கிச் சுட்டுடலாம்" என்றாள்.

தொழிற்சாலை கேன்டீன்காரி சொல்லிக் கொடுத்த வேலை அது. பச்சைத் தக்காளியை வட்டவட்டமாக நறுக்கி, உப்புத் தூவி வைத்து, தண்ணீர் விட்டதும் பிழிந்து, கண்ணாடித் தட்டில் ஒரு வரிசை தக்காளி, ஒரு வரிசை வெங்காயம், அதற்குமேல் வெண்ணெயில் புரட்டின ரொட்டித் தூள், துருவின சீஸ், மறுபடி தக்காளி என்று அடுக்கி, மேலே மிளகைத் தட்டிப் போட்டுச் சுட வேண்டும். ரொட்டிக்கு அவள் வீட்டில் பஞ்சமே இல்லை. ஓரம் உடைந்தது, கோணலாக வெந்தது எல்லாம் தொழிற்சாலையில் வேலைக்காரர்களுக்குக் கொடுத்துவிடுவார்கள்.

டிரைவர் கேட்காமலே வந்து உட்கார்ந்து கத்தியை எடுத்தார். அவர் நறுக்குவது ஒரு தனி அழகு. எல்லா வட்டமும் ஒரே கனம். இவள் அதற்குள் மூன்று காயை நறுக்கி, ஒன்று தடியாகவும் ஒன்று மெல்லிசாகவும் தட்டில் போட்டுவிட்டாள்.

"உப்புப் போட்டுக் கொஞ்ச நேரம் வைக்கணும்னு அந்தம்மா சொல்லலை?"

"அதெல்லாம் உள்ளே போனாத் தானா வத்திடும்."

வற்றவில்லை. வற்றுவதற்கு அவள் விட்டால்தானே! ஓவனுக்குள் தட்டைத் தள்ளிவிட்டு நாலு எட்டு நடப்பாள், திரும்பி வந்து கதவைத் திறப்பாள். ஆவி முகத்தில் அடிக்கும். மூடுவாள். மறுபடி திறப்பாள். கடைசியில் வெளியே எடுத்தபோது ரொட்டித் தூள் ஊறி மிதந்தது, தக்காளி கடக்குக் கடக்கென்று வேகாமல் கிடந்தது.

ஸ்பேனர் எட்டிப் பார்த்தான். "அக்கா, இது சாப்பிடவா, குளிக்கவா?"

"போடா அந்தப் பக்கம்!"

"இன்னொரு தட்டு போடலாம்" என்றார் டிரைவர். "காய்தான் கிடக்குதே." சொல்லிவிட்டுச் சிரித்தார். நிஜமாகவே சிரித்தார். பம்பரத்துக்கு அந்தச் சிரிப்பைப் பார்த்து அழுகை வந்தது. எல்லாத்தையும் விட்ட மனுஷன்தான் இப்படிச் சிரிப்பான் என்று நினைத்தாள். பாவம், அவளுக்கு வேறு என்ன தெரியும்?

இரண்டாவது தட்டுக்கு அவர் உப்புத் தூவி, ஒரு துணியில் பரப்பி, அவள் கைக்கு எட்டாத உயரத்தில் அலமாரிமேல் வைத்தார். தண்ணீர் நன்றாகச் சொட்டின பிறகு பிழிந்து, அடுக்கி, ஓவனில் வைத்தார். "இந்தா, கதவுகிட்டப் போனே, கையைக் கட்டிப் போட்டுடுவேன்" என்றார். அவள் ஓவனுக்கு எதிரே முக்காலி போட்டு உட்கார்ந்துகொண்டு, நாளைக்கு டிப்போவுக்குப் போக வேண்டும் என்பதை எங்கே ஆரம்பித்து எப்படிச் சொல்வது என்று மனசுக்குள் கூட்டிக்கொண்டிருந்தாள்.

அந்த நேரம் பார்த்துத்தான் பக்கத்து வீட்டுத் தையலம்மா வந்தாள். வேலிக்கு அந்தப் பக்கம் ஜன்னலோரம் மிஷின் போட்டுத் தைக்கிறவள். தெருவில் பாதிப் பேர் அவள் தைத்த துணியைத்தான் போட்டிருக்கிறார்கள், மீதிப் பேர் அவள் வாயில் கிழிந்திருக்கிறார்கள். கழுத்தில் அளவு நாடா, கையில் ஒரு கண்ணாடிப் புட்டி.

"ஏ பம்பரம், வெண்ணெய் வாசனை என் மிஷின் வரைக்கும் வந்து ஆளை இழுக்குது. என்ன பண்றே? சும்மா கையை வீசிட்டு வரக்கூடாதுன்னு இதைக் கொண்டு வந்தேன். ஜாம். உங்க வீட்டுப் பழத்துல பண்ணினதுதான்."

"எங்க வீட்டுப் பழமா?"

"ஆமா, தக்காளி. உன் வீட்டுக்காரர் குடுத்தது."

"காயாக் குடுத்தாரா?"

"காயை வச்சு நான் என்ன பண்ணுவேன்? லேசா சிவப்பு தட்டினதுமே கொண்டு வந்துடுவார். மிஷின்ல உக்காந்திருப்பேன், வேலிக்கு மேல கை நீளும், கையில நாலு பழம் இருக்கும். ஜன்னல்ல வச்சா ரெண்டு நாள்ல ரத்தமாச் சிவந்துடும். என்ன ருசிங்கறே! நானும் எத்தனையோ தடவை சொல்லிட்டேன், வீட்டுக்கும் வச்சுக்கோங்கன்னு. வீட்டுல யாருக்கும் தக்காளி ஒத்துக்காதுன்னுட்டார். ஒத்துக்காதவங்க எதுக்கு இத்தனை செடி வச்சாங்கன்னு எனக்கும்..." அப்போதுதான் அவள் மூன்று பேர் முகத்தையும் பார்த்தாள். "என்னடி, நான் ஏதாவது கூடப் பேசிட்டேனா?"

டிரைவர் கத்தியைத் துடைத்த துணியையே திரும்பத் திரும்ப மடித்துக்கொண்டிருந்தார். ஸ்பேனர் இருமினான். "தையலம்மா, என் பேண்ட் ஒண்ணு தைக்கணும்னு சொன்னேனே, வாங்க, அதைப் போய்ப் பாக்கலாம்" என்று அவளை நகர்த்தப் பார்த்தான். "எப்படா சொன்னே?" என்று அவள் கேட்டுக்கொண்டே போனாள். இரண்டு பேரும் கொல்லைப்பக்கம் வரை போய் அங்கேயே நின்றுகொண்டார்கள். போக மனசு வந்தால்தானே!

"எத்தனை நாளா?" என்றாள் பம்பரம்.

"முதல் பழத்துலேர்ந்து."

"முதல் பழத்துலேர்ந்தா!" முக்காலி பின்னால் உருண்டது. "முழுப் பூசணிக்காயைச் சோத்துல மறைப்பாங்கன்னு கேள்விப்பட்டிருக்கேன். நீங்க கூடை கூடையாத் தக்காளியை மறைச்சிருக்கீங்களே! நான் என்ன பைத்தியக்காரியா? முட்டை ஓட்டை நசுக்கிக் கொண்டுபோய்க் கொட்டினேனே, பாத்துட்டுத்தானே இருந்தீங்க? அந்த விதைக்கடைக்காரனை நாலு பேர் முன்னாடி நான் பேசாத பேச்சில்லை. அவன் என்ன பாவம் பண்ணினான்? டிப்போல ஒவ்வொருத்தன்கிட்டயும் இந்த வாரம் பழுத்துடும், அடுத்த வாரம் பழுத்துடும்னு சொல்லிச் சொல்லி என் நாக்குத்தான் பழுத்துச்சு! நேத்து ராத்திரி முழுக்க அழுதேன், உங்க பொழப்பை நானே கெடுத்துட்டேன்னு. பக்கத்துல படுத்துக் குறட்டை விட்டீங்க!"

"நல்லாத் தூங்கினேன்" என்றார் அவர்.

அதைக் கேட்டு அவளுக்கு இன்னும் பற்றிக்கொண்டு வந்தது. கையில் கிடைத்த கரண்டியை எடுத்தாள். எறியவில்லை, எடுத்தாள்.

"கோவப்படாதே. சொல்றதைக் கேளு. நேத்து அந்தக் கூடையைப் பாத்தப்போ உன்னைக் கையெடுத்துக் கும்பிடணும்போல இருந்துச்சு. இனிமே சிவக்கறதுக்கு ஒண்ணுமில்லையேன்னு." அவர் துணியை மேஜைமேல் வைத்தார். "வாயில வந்ததைச் சொல்லிட்டேன் அன்னைக்கு, பழுத்ததும் போறேன்னு. நீ அதைப் பிடிச்சுக்கிட்டே. வேலை பாத்த காலம் முழுக்கச் சிவப்பைப் பாத்தா நிக்கற ஆளு நான். இது ஒண்ணு மட்டும் சிவந்தாக் கிளம்பணும். விடியறப்போ நீ ஷிப்டுக்குப் போனதும் கொல்லைக்குப் போவேன். ஒரு காய் லேசா நிறம் மாறியிருக்கும். அன்னைக்குப் பூரா சோறு இறங்காது. அதைப் பறிச்சு அந்தப் பக்கம் குடுத்துட்டா அன்னைக்கு ஒருநாள் தள்ளும். அப்படியே தள்ளிட்டு வந்தேன்."

"விசாரணையில உங்கமேல தப்பில்லைன்னு சொல்லிட்டாங்களே!"

"தப்பில்லை. பிரேக்கை நேரத்துக்குப் போட்டேன். அதான் சொல்றேன், போட்டாச்சு. போட்டதுக்கப்புறம் டிரைவர்னு ஒருத்தன் வண்டியிலே வேணவே வேணாம். அவ்வளவு பெரிய வண்டி உடனே நிக்குமா? அது பாட்டுக்குப் போகுது. நான் சும்மா உக்காந்துட்டுப் பாக்கறேன். மழைச் சத்தத்துல அந்தக் குடைக்காரருக்குக் காது கேக்கலை. கடைசியில திரும்பினார். குடையைக் கொஞ்சம் தூக்கி, யாருன்னு பாக்கற மாதிரி என்னைப் பாத்தார். நானும் பாத்தேன். வண்டி நின்னுடும், நின்னுடும்னு மிதிச்சுக்கிட்டே இருக்கேன். நிக்கலை."

அவர் வலது கால் மேஜைக்கு அடியில் மறுபடி அழுத்த ஆரம்பித்திருந்தது. அவரே அதைக் கையால் பிடித்து நிறுத்தினார்.

"இதை ஏன் என்கிட்டச் சொல்லலை?" பம்பரத்தின் குரல் இறங்கிவிட்டது.

"நீ கேக்கலையே."

"நான் கேக்கலையா? தினம் தினம் கேட்டேனே!"

"எப்போ போறீங்கன்னு கேட்டே. எழுந்தா எப்போ, சாப்பிட்டா எப்போ, படுத்தா எப்போ. முடியுமான்னு ஒருநாள் கேட்டியா?"

பம்பரத்தின் பக்கமும் நியாயம் இல்லாமல் இல்லை. அத்தனை மாதமும் அவரை யாரும் ஒரு சொல் சொல்லிவிடாதபடி காவல் நின்றவள் அவள்தான். டிப்போவில், தெருவில், வெளியூரில் வேலை பார்க்கிற மகளிடம்கூட, அவர் நல்லாயிட்டார், இதோ கிளம்பப் போறார் என்று முட்டுக் கொடுத்தவள் அவள்தான். ஆனால் அவர் சொன்னதும் உண்மை. அவள் யோசித்துப் பார்த்தாள், அந்த ஒரு கேள்வியை அவள் கேட்கவே இல்லை. கேட்டால் முடியாது என்று சொல்லிவிடுவாரோ என்ற பயம். அதுதான் காரணம் என்று இப்போது அவளுக்கே தெரிந்தது, தெரிந்ததும் வெட்கமாக இருந்தது. கரண்டியை வைத்துவிட்டு மேஜைமேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டு அழுதாள். அவர் எழுந்து வந்து அவள் முதுகில் கை வைத்தார். என்ன செய்வது என்று தெரியாமல் தட்டிக் கொடுத்துக்கொண்டே இருந்தார்.

"அக்கா!" கொல்லையிலிருந்து ஸ்பேனர் கத்தினான். "அழுகையெல்லாம் சரி, ஓவன்ல இருக்கறதை யாராவது பாத்தீங்களா?"

அலறிக்கொண்டு எழுந்து கதவைத் திறந்தாள். கருகியிருக்கும் என்றுதான் நினைத்தாள். மேலே ரொட்டித் தூள் பொன்னாக மொரமொரத்து, ஓரத்தில் சீஸ் குமிழிட்டு, நடுவில் தக்காளிச் சாறு கெட்டியாகக் கொதித்துக்கொண்டிருந்தது. இரண்டு துணியை மடித்துப் பிடித்துத் தூக்கி மேஜைக்குக் கொண்டுவந்தாள்.

"நீ எட்டிப் பாக்காம இருந்தாத்தான் வேகும்போல" என்றாள் தையலம்மா. அவள் எப்போது உள்ளே வந்து தட்டெடுத்து உட்கார்ந்தாள் என்று யாருக்கும் தெரியவில்லை. அழுதுகொண்டிருந்த பம்பரம் சிரித்துவிட்டாள். மூக்கிலும் வாயிலுமாக வந்தது சிரிப்பு.

ஊதி ஊதிச் சாப்பிட்டார்கள். பல் கூசாத புளிப்பு. வெண்ணெயும் மிளகும் அதோடு சேர்ந்து தொண்டையில் இறங்கின. டிரைவர் ஓரத்தில் ஒட்டியிருந்த மொரமொரப்பைச் சுரண்டிச் சுரண்டி அவள் தட்டில் வைத்தார். அவளுக்கு அதுதான் பிடிக்கும். தையலம்மா தட்டை வழித்துவிட்டு, மிச்சக் காயில் ஒரு மடி நிறைய எடுத்துக்கொண்டு போனாள். வாங்கின பழக்கம் விடுமா?

அவள் போனதும் ஸ்பேனர் தயங்கித் தயங்கி நாளைய விஷயத்தை மாமாவிடம் சொன்னான். "பெரியவருக்கு நான் என்னன்னு சொல்லட்டும்?" என்று கேட்டான். மாமாவைத்தான் கேட்டான், ஆனால் பழக்கதோஷம், பார்த்தது அக்காவை. பம்பரம் தண்ணீரை எடுத்துக் குடித்தாள். வாய் வரை வந்ததை அந்தத் தண்ணீரோடு சேர்த்து விழுங்கினாள். அது அவளுக்கு எவ்வளவு பெரிய காரியம் என்று கூட வாழ்ந்தவருக்குத்தான் தெரியும்.

"நீ ஒண்ணும் சொல்ல வேணாம் மாப்ளே" என்றார் டிரைவர். "நானே வந்து சொல்றேன், என்னால முடியலைன்னு."

"வண்டி ஓட்டவே முடியாதா மாமா?"

"இப்ப முடியாது. அப்புறம் எப்போன்னு நீயும் ஆரம்பிக்காதே."

மறுநாள் காலையில் இரண்டு பேரும் சேர்ந்து கிளம்பினார்கள். தொழிற்சாலைக்குப் போகிற வழியிலேயே டிப்போ. அவர் துவைத்த சட்டை போட்டிருந்தார், சீருடை இல்லை. தெரு ஈரமாக இருந்தது. அவர் வேகத்துக்கு நடப்பது பம்பரத்துக்குச் சித்திரவதை. நாலு எட்டு முன்னால் போவாள், நிற்பாள், திரும்பி வருவாள். டிப்போவில் வண்டி கழுவுகிறவன் "என்ன டிரைவரே, பழுத்துடுச்சா?" என்று கேட்டுக்கொண்டு போனான். அவர் கையைத் தூக்கிக் காட்டினார்.

டிப்போ வாசலுக்கு வந்ததும் நின்றுவிட்டார். கம்பிக் கதவுக்கு உள்ளே முதல் வண்டி கிளம்பத் தயாராக உறுமிக்கொண்டிருந்தது. ஜன்னல்களில் விளக்கு எரிந்தது. பட்டறையில் யாரோ இரும்பைத் தட்டினார்கள். வண்டி மெல்ல நகர்ந்து, இவர்கள் நிற்கும் இடத்தைத் தாண்டி, தண்டவாளம் கிறீச்சிட வெளியே போயிற்று. அவர் கம்பியைப் பிடித்திருந்த கையை எடுக்கவில்லை. நெற்றியில் வியர்வை. அலுவலக அறை எதிரே தெரிந்தது, கதவு திறந்துதான் இருந்தது. போனால் ஒரு நிமிஷ நடை.

சீக்கிரம் போங்க, போய்ச் சொல்லிட்டு வந்துடுங்க, எனக்கு ஷிப்டுக்கு நேரமாச்சு என்று அவளுக்கு நாக்கின் நுனி வரை வந்துவிட்டது. அவள் அவர் முகத்தைப் பார்த்தாள். இத்தனை மாதத்தில் இவ்வளவு நேரம் அந்த முகத்தை அவள் நின்று பார்த்ததே இல்லை.

"ஏங்க" என்றாள். "உள்ளே தனியாப் போக முடியுமா?"

அவர் அலுவலகக் கதவைப் பார்த்தார், தண்டவாளத்தைப் பார்த்தார். அவள் காத்திருந்தாள்.

"முடியாது" என்றார். "நீயும் கூட வா."

தெருக்கோடியில் ரொட்டித் தொழிற்சாலைச் சங்கு ஊத ஆரம்பித்தது. ஊதினால் ஊதட்டும் என்று பம்பரம் அவர் கையைப் பிடித்துக்கொண்டு உள்ளே போனாள்.